'தி ஆக்ட் ஆஃப் கில்லிங்' வெளியாள் ஒருவர் தனியாக எடுத்ததா?

ஜோஷுவா ஓப்பன்ஹைமரின் 'தி ஆக்ட் ஆஃப் கில்லிங்' (2012) என்ற ஆவணப்படம் பற்றி, "அமெரிக்கர் ஒருவர் வெளியிலிருந்து போய் எடுத்த படம், இந்தோனேசியர்களுக்கு அதில் பங்கில்லை" என்று உங்கள் பதிவில் எழுதியிருக்கிறீர்கள். இதையே இன்னும் இருவர் பகிர்ந்திருப்பதால் சொல்கிறேன்: அது சரியல்ல.

படத்தின் துணை இயக்குநர்களில் ஒருவர் இந்தோனேசியர். இன்னொருவர் கிறிஸ்டின் சின். அந்த இந்தோனேசியரின் பெயர் நமக்குத் தெரியாமல் இருப்பதற்குக் காரணம் உண்டு. படம் பேசுவது, கம்யூனிஸ்டுகள் என்று குற்றம்சாட்டி இந்தோனேசியாவில் ஏராளமானோரைக் கொன்ற 1965-66 படுகொலைகளைப் பற்றி. அந்தக் கொலைகளைச் செய்தவர்கள் வடக்கு சுமத்ராவில் செல்வாக்கோடு இருந்த காலத்தில்தான் அங்குள்ள மேடான் நகரில் படப்பிடிப்பு நடந்தது. பெயர் வெளியே வந்தால் உயிருக்கே ஆபத்து என்பதால் அவரும் உள்ளூர்க் குழுவினர் பலரும் பெயரை மறைத்துக்கொண்டார்கள்.

சரிபார்ப்பது எளிது. படம் முடிந்ததும் அணைத்துவிடாமல் கடைசிப் பெயர்ப் பட்டியலை ஓடவிடுங்கள். பொறுப்புக்குப் பின் பொறுப்பாக, பெயர் வரவேண்டிய இடத்தில் 'அனானிமஸ்' (பெயர் வெளியிடாதவர்) என்ற சொல்லே திரும்பத் திரும்ப மேலேறிக்கொண்டிருக்கும். எனக்கு அந்தப் படத்தில் மிகவும் கனத்த பகுதி அதுதான். நேரமில்லாதவர்கள் திரைப்பட விழாக் குறிப்புகளில் இயக்குநர்கள் வரியைப் பாருங்கள், பலவற்றில் அங்கேயும் அதே சொல் இருக்கும்.

கொலையாளிகளைப் படமெடுக்கச் சொல்லி ஓப்பன்ஹைமரைத் தூண்டியவர்களும் அந்தப் படுகொலைகளில் உயிர்பிழைத்தவர்கள்தான். அவருடைய பேட்டிகளில் இதைத் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறார். படத்தின் பார்வையை நீங்கள் தாராளமாக விமர்சிக்கலாம். ஆனால் பெயரைக்கூடப் போட்டுக்கொள்ள முடியாமல் உழைத்தவர்களை இல்லாதவர்களாக்கிவிட வேண்டாம். முடிந்தால் பதிவைத் திருத்திவிடுங்கள்.