சிறுவர்களுக்கான கிறிஸ்தவத் துப்பறியும் கதைகளைத் தரங்கம்பாடியிலிருந்து தொடங்கலாம்

கிறிஸ்தவப் பின்னணி கொண்ட வரலாற்றுத் துப்பறியும் சாகசக் கதைகள் ஆங்கிலத்தில் இளம் வாசகர்களுக்கென்று தனி வகையாகவே வளர்ந்திருக்கின்றன. ரோமாபுரியின் சுரங்கக் கல்லறைகள், மடாலயங்களிலிருந்து காணாமற்போகும் ஏடுகள், 1526ஆம் ஆண்டு துணிப் பொதிகளுக்குள் மறைத்து இங்கிலாந்துக்குக் கடத்தப்பட்ட வில்லியம் டிண்டேலின் ஆங்கிலப் புதிய ஏற்பாடு போன்றவை இக்கதைகளுக்கு ஏற்ற களங்கள். ஆங்கிலம் சரளமாக வாசிக்கும் நம் பிள்ளைகள் இவற்றை ஆவலோடு வாசிக்கிறார்கள். தமிழில் மட்டும் வாசிக்கிற பிள்ளைக்கு ஞாயிறு பள்ளியில் நாம் கொடுப்பதோ, ஒரு மிஷனரி எங்கே பிறந்தார், எப்போது அழைப்பைப் பெற்றார், என்னென்ன பாடுகள் பட்டார், எந்த நாளில் கர்த்தருக்குள் நித்திரையடைந்தார் என்ற அளவில் முடிந்துவிடும் வாழ்க்கைச் சுருக்கம். பல ஆண்டுகளாக ஞாயிறு பள்ளியில் கதை சொல்லி வருகிறவன் என்ற முறையில் இதை வருத்தத்தோடு எழுதுகிறேன். நம்மிடம் சரக்கு இல்லாமல் இந்தக் குறை நேரவில்லை. பிள்ளைகள் கேள்வி கேட்டுத் துருவுவதை நாம் இன்னும் முழு மனதோடு வரவேற்காததால்தான் நேர்ந்திருக்கிறது.

சரக்குக்கு, அன்று டேனிஷ்காரர்களின் ஆட்சியில் இருந்த தரங்கம்பாடித் துறைமுகம் ஒன்றே போதும். 1706ஆம் ஆண்டு ஜூலை 9ஆம் தேதி ஜெர்மானிய மிஷனரிகளான சீகன்பால்கும் புளூட்சோவும் அங்கே கரையிறங்கினார்கள் என்பது எல்லாருக்கும் தெரிந்த பாடம். அவர்களுடைய மிஷனுக்கு அச்சகம் எப்படி வந்தது என்பதை எத்தனை பேர் பிள்ளைகளுக்குச் சொல்லியிருப்போம்? 1711ஆம் ஆண்டு கிறிஸ்தவ அறிவைப் பரப்ப லண்டனில் இயங்கிய எஸ்.பி.சி.கே. சங்கம் ஓர் அச்சு இயந்திரத்தையும், அதை இயக்கத் தெரிந்த யோனாஸ் ஃபிங்க் என்பவரையும் கப்பலேற்றி அனுப்பியது. கப்பல் பிரேசிலின் ரியோ டி ஜெனிரோவில் நின்றிருந்தபோது பிரெஞ்சுப் படை அந்நகரைத் தாக்க, கப்பலும் அவர்கள் கையில் சிக்கியது. மீட்புப் பணம் கொடுத்தபின் பயணம் தொடர்ந்தது, ஆனால் அச்சாளர் வழியிலேயே இறந்துபோனார். 1712ஆம் ஆண்டு இயந்திரம் மட்டும் வந்து சேர்ந்தது. இயக்க ஆள் இல்லாமல் தவித்த வேளையில், டேனிஷ் கம்பெனியின் சிப்பாய்களிடையே அச்சுத்தொழில் தெரிந்த ஒருவர் இருப்பது தெரியவந்தது. அடுத்த ஆண்டு ஜெர்மனியின் ஹாலே நகரில் வார்க்கப்பட்ட தமிழ் எழுத்துகள் வந்தன. அவை மிகப் பெரியவையாக இருந்ததால் காகிதம் கட்டுப்படியாகவில்லை. ஆகவே தரங்கம்பாடியிலேயே சிறிய எழுத்துகளை வார்த்தார்கள். இங்கிலாந்திலிருந்து வந்த பாலாடைக்கட்டிப் பெட்டிகளின் ஈய உறைகளை உருக்கி அதற்குப் பயன்படுத்தினார்கள் என்று அச்சு வரலாற்றாசிரியர்கள் எழுதியிருக்கிறார்கள். காகிதத் தட்டுப்பாட்டுக்குத் தீர்வாகப் பொறையாற்றில் காகித ஆலையும் எழுந்தது. தமிழ்ப் புதிய ஏற்பாடு 1715ஆம் ஆண்டு முழுமையாக அச்சேறியது.

இதை நான் வகுப்பில் சொன்னபோது, வழக்கமாகக் கடைசி வரிசையில் அமர்ந்து பேசிக்கொண்டிருக்கும் ஒரு சிறுமி எழுந்து, "அச்சடிக்கத் தெரிந்தவர் செத்துப்போன பிறகு, அந்த மிஷினை எப்படிப் பொருத்துவது என்று யாருக்குத் தெரியும் அண்ணா?" என்று கேட்டாள். அன்றைக்கு அந்தப் பிள்ளைகள் யாரும் மணியைப் பார்க்கவில்லை. யார் செய்தது, எப்படி நடந்தது, எதை வைத்துச் சொல்கிறீர்கள் என்ற மூன்றும் பத்து வயதுக்கு மேற்பட்ட பிள்ளைக்கு இயல்பாக வரும் கேள்விகள், துப்பறியும் கதையும் அவற்றின்மேல்தான் நிற்கிறது.

இந்தக் கதைகளை எழுத முன்வருகிறவர்களிடம் நான் முதலாவதாக வேண்டிக்கொள்வது, மர்மத்தின் முடிச்சை அற்புதத்தால் அவிழ்க்காதீர்கள் என்பதே. ஜெபித்தவுடன் சாவி கிடைத்துவிடுகிற கதையில், அதுவரை தடயங்களைக் கூட்டிக்கழித்து வந்த பிள்ளை ஏமாந்துபோகிறது. ஜெபத்தின் கனமும் அங்கே குறைந்துவிடுகிறது. விசுவாசம் கதைமாந்தரின் துணிவிலும் உண்மை பேசும் பிடிவாதத்திலும் வெளிப்படட்டும், முடிச்சு மட்டும் சான்றுகளால் அவிழட்டும். ஆராய்ந்து பார்த்தால் விசுவாசம் குறையும் என்று அஞ்சுகிற பெற்றோருக்கு லூக்காவின் முன்னுரையை நினைவூட்ட விரும்புகிறேன். ஆதிமுதல் எல்லாவற்றையும் திட்டமாய் விசாரித்தறிந்து எழுதுகிறேன் என்றுதான் அவர் தமது நற்செய்தியைத் தொடங்குகிறார்.

பரங்கிமலைச் சிலுவையை எடுத்துக்கொள்வோம். 1547ஆம் ஆண்டு போர்த்துகீசியர் கண்டெடுத்த அந்தக் கற்சிலுவை இரத்தம் வடித்தது என்ற மரபுக்கதையைச் சுற்றிச் சாகசக் கதை பின்னுவது எளிது. எனக்கோ அந்தக் கல்லில் இருக்கும் எழுத்துகள் அதைவிடப் பெரிய கேள்வியை எழுப்புவதாகத் தோன்றுகிறது. அவை பழைய பாரசீகத்தின் பஹ்லவி எழுத்துகள். அந்த வாசகத்தை அறிஞர்கள் ஆளுக்கொரு விதமாக வாசித்திருக்கிறார்கள். சோழமண்டலக் கரையில் பஹ்லவியில் செதுக்கத் தெரிந்த கை யாருடையது, பாரசீகக் கிறிஸ்தவ வணிகர்கள் எந்தக் கடல்வழியாக வந்தார்கள், செதுக்கியதைப் படிக்கக்கூடியவர்கள் இங்கே எத்தனை பேர் இருந்திருப்பார்கள் என்று ஒரு கதையின் சிறுவர் குழு தேடிப் புறப்பட்டால், வாசிக்கிற பிள்ளைக்கு இந்தியப் பெருங்கடலின் வரலாறே திறந்துகொள்ளும்.

அடுத்ததாக, நம்மவர்கள் இக்கதைகளில் பெட்டி தூக்குகிறவர்களாக மட்டும் வந்துபோகக் கூடாது. திண்ணைப் பள்ளியில் பிள்ளைகளோடு உட்கார்ந்து மணலில் தமிழ் எழுத்தை எழுதிப் பழகிய சீகன்பால்குக்கு, ஐரோப்பிய மொழிகள் அறிந்த அழகப்பன் என்ற துபாஷி (மொழிபெயர்ப்பாளர்) உதவியாக இருந்தார். மிஷனரிகள் கேட்ட கேள்விகளுக்குத் தமிழர்கள் எழுதிய 99 பதில் கடிதங்கள் ஜெர்மன் மொழிபெயர்ப்பில் ஹாலேயில் அச்சாகி நமக்குக் கிடைக்கின்றன. அவற்றில் பெரும்பகுதியை அழகப்பனே எழுதியிருக்கலாம் என்று கருதும் ஆய்வாளர்களும் உண்டு. கடிதங்களை எழுதியவர் யார் என்பதையே ஒரு முழு நாவலின் மர்மமாக்கலாம். தஞ்சை மன்னரின் படையில் இருந்த இராஜநாயக்கன் இன்னொருவர். தரங்கம்பாடியில் அச்சான நற்செய்திகளும் அப்போஸ்தலர் நடபடிகளும் அடங்கிய நூல் அவர் கைக்கு வந்து சேர்ந்தது, அவர் வாழ்க்கை திசை மாறியது, சிறந்த உபதேசியாராக உழைத்தார். பறையர் சமூகத்தவர் என்பதால் அவருக்குக் குருப்பட்டம் மட்டும் கிடைக்கவில்லை. அன்றைய தரங்கம்பாடி சபையில் சூத்திரர் எனப்பட்டோரும் பறையர் எனப்பட்டோரும் ஆலயத்தில் தனித்தனியே அமர்ந்தார்கள். பிள்ளைகளுக்கு இதெல்லாம் எதற்கு என்று சிலர் கேட்கக்கூடும். பன்னிரண்டு வயதுப் பிள்ளைக்குச் சாதி தெரியாது என்று எண்ணுவது பெரியவர்களின் ஆறுதல் மட்டுமே. தன் தெருவில் பார்ப்பதைத் தன் சபையின் வரலாற்றிலும் பார்த்து, அது அநியாயம் என்று உரக்கச் சொல்ல அந்தப் பிள்ளைக்கு இடம் கொடுக்க வேண்டும்.

வில்லன்களைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். பிற சமயத்தவரைக் கொடியவர்களாகக் காட்டிக் கதைக்கு விறுவிறுப்பு ஏற்றுவது சோம்பேறித்தனம், அநீதியும்கூட. வரலாறும் அதற்கு இடம் தரவில்லை. 1708ஆம் ஆண்டு நவம்பரில் சீகன்பால்கைப் பிடித்து ஏறக்குறைய நான்கு மாதங்கள் கோட்டையில் அடைத்துவைத்தவர் ஹாசியஸ் என்ற டேனிஷ் தளபதி, அவரும் ஞானஸ்நானம் பெற்ற கிறிஸ்தவரே. அதே 1708ஆம் ஆண்டில்தான் சீகன்பால்கு தாம் சேகரித்த தமிழ்ச் சுவடிகளுக்கு ஒரு பட்டியலை எழுதினார், அதில் சைவ வைணவ நூல்களும் உண்டு. சொந்த மதத்தவர் சிறையிலடைத்தார், பிற சமயத்தவர் ஏடுகளைக் கொடுத்து உதவினார்கள் என்ற இந்த முரணைக் கற்பனையில் கண்டுபிடிப்பதே கடினம், அது நமக்கு ஆவணமாகவே கிடைத்திருக்கிறது.

இருபதாம் நூற்றாண்டுக் களம் வேண்டுவோர் தமிழறிஞர் தனிநாயகம் அடிகளைப் பின்தொடரலாம். 1554ஆம் ஆண்டு உரோம எழுத்தில் லிஸ்பனில் அச்சான தமிழ் நூலையும், 1679ஆம் ஆண்டு அச்சான புரோயென்சா பாதிரியாரின் தமிழ்–போர்த்துகீசிய அகராதியையும் ஐரோப்பிய நூலகங்களில் தேடிக் கண்டு அவர் உலகறியச் செய்தார். வத்திக்கான் நூலகத்தில் இருந்த அந்த அகராதி 1966ஆம் ஆண்டு கோலாலம்பூரில் மறுபதிப்பாக வந்தது. ஊர்காவற்றுறையில் பிறந்த ஒரு குருவானவர் உரோமாபுரியின் நூலக அலமாரிகளுக்கிடையே தமிழைத் தேடி நடந்ததைவிட நல்ல துப்பறியும் கதைத் தொடக்கம் என் நினைவுக்கு எட்டவில்லை.

பதிப்பாளர்களிடமும் திருச்சபைகளின் இலக்கியப் பிரிவுகளிடமும் எனக்கு ஒரு கோரிக்கை உண்டு. இப்படி வரும் ஒவ்வொரு நூலின் இறுதியிலும், எது ஆவணத்தில் இருக்கிறது, எது ஆசிரியரின் கற்பனை என்று பிள்ளைக்குப் புரியும் தமிழில் இரண்டு மூன்று பக்கங்கள் கட்டாயம் எழுதப்பட வேண்டும். ரியோவில் கப்பல் பிடிபட்டது வரலாறு, அந்தக் கப்பலின் அடித்தளத்தில் ஒளிந்திருந்த சிறுவன் கற்பனை என்று நேராகச் சொல்லிவிட வேண்டும். கதைக்குள் வரும் வரைபடங்களும் அந்தக் காலத்துத் தரங்கம்பாடியின் தெருக்களை ஒட்டியே இருக்கட்டும். விடுமுறையில் பெற்றோரோடு அங்கே போகிற பிள்ளை, கையில் புத்தகத்தை வைத்துக்கொண்டு டேனிஷ் கோட்டையிலிருந்து புதிய எருசலேம் ஆலயம்வரை நடந்து, எழுதியிருப்பது சரிதானா என்று தானே சரிபார்க்க வேண்டும்.