ஒன்பது பேரை விடுங்கள், மாவட்ட நீதிபதியைப் பாருங்கள்

அமெரிக்க நீதிமன்றம் என்று பேச்சு வந்தாலே நம் ஆட்கள் நேராக வாஷிங்டனுக்குப் போய்விடுகிறார்கள். ஒன்பது நீதிபதிகள், யார் எந்த அதிபர் போட்ட ஆள், தீர்ப்பு ஆறுக்கு மூன்றா ஐந்துக்கு நான்கா. கிரிக்கெட் ஸ்கோர் கேட்கிற மாதிரியே கேட்கிறார்கள். சமீபத்தில் நண்பர் ஒருவரின் பதிவுக்குக் கீழே நடந்த சண்டையிலும் இதே கதைதான். "மக்கள் ஓட்டுப் போடாத ஆளுக்குச் சாகும்வரை பதவியா, இது என்ன ஜனநாயகம்?" என்று ஒருவர் கேட்டிருந்தார். கேள்வி நியாயமானது. பதில் எழுதப் போய் நீண்டுவிட்டது, அதனால் தனிப்பதிவு.

என் கட்சியை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உச்ச நீதிமன்றத்து ஒன்பது பேருக்குப் பதவிக்காலம் வைத்தால் எனக்கு ஆட்சேபம் இல்லை. 18 வருடம் என்று ஒரு யோசனை ரொம்ப நாளாகச் சுற்றுகிறது, வைக்கட்டும். ஆனால் கீழே இருக்கிற ஃபெடரல், அதாவது மத்திய அரசின் கீழ் வரும், மாவட்ட நீதிபதியின் ஆயுள் பதவியில் கை வைக்கக் கூடாது. அந்த நாட்டு நீதித்துறை பெருமையாகச் சொல்லிக்கொள்ளும் காரியங்களில் பல, அந்த நாற்காலியில் தொடங்கியவை.

மாவட்ட நீதிபதி என்றதும் நம்மூர் ஜில்லா கோர்ட்டை நினைத்துக்கொள்ள வேண்டாம். நம்மூரில் ஒரு சட்டத்தைச் செல்லாது என்று சொல்ல வைக்க உயர் நீதிமன்றத்துக்காவது போக வேண்டும். அங்கே ஃபெடரல் மாவட்ட நீதிபதி ஒருவர் மாநிலச் சட்டத்தையும் நிறுத்தலாம், அதிபரின் ஆணையையும் நிறுத்தலாம். அப்படி 94 மாவட்டங்கள். மேலே 13 மேல்முறையீட்டு நீதிமன்றங்கள், அதற்கும் மேலே உச்ச நீதிமன்றம். உச்சியில் இருப்பவர்கள் வருடத்துக்கு அறுபது, எழுபது வழக்குகளில்தான் வாதம் கேட்கிறார்கள். கீழே லட்சக்கணக்கில் வருகின்றன. பெரும்பாலானவற்றில் மாவட்ட நீதிபதி சொன்னதே கடைசி வார்த்தை.

இந்த வரிசைக்குப் பக்கத்திலேயே மாநில நீதிமன்றங்கள் தனியாக இயங்குகின்றன. பல மாநிலங்களில் அந்த நீதிபதிகள் தேர்தலில் நின்று ஓட்டு வாங்கி வருகிறவர்கள். ஃபெடரல் நீதிபதியை அதிபர் நியமிப்பார், செனட் ஒப்புதல் தரும், அதன்பின் நன்னடத்தை உள்ளவரை யாரும் அசைக்க முடியாது. சம்பளத்தைக்கூடக் குறைக்க முடியாது. இத்தனை காலத்தில் செனட் விசாரித்துப் பதவியிலிருந்து நீக்கிய ஃபெடரல் நீதிபதிகள் எட்டே பேர்.

1789 செப்டம்பரில் ஜார்ஜ் வாஷிங்டன் கையெழுத்திட்ட சட்டத்தில் இந்த அமைப்பு பிறந்தபோது, யாரும் அதைப் பெரிதாக மதிக்கவில்லை. முதல் தலைமை நீதிபதி ஜான் ஜே, நியூயார்க் கவர்னர் வேலை பரவாயில்லை என்று 1795இல் ராஜினாமா செய்தார். 1800இல் திரும்பக் கூப்பிட்டபோதும் வர மறுத்தார். உச்ச நீதிமன்ற நீதிபதிகளே ஊர் ஊராகப் பயணம் போய் வழக்குக் கேட்க வேண்டிய காலம் அது. தெற்குச் சுற்று கிடைத்த ஜேம்ஸ் அயர்டெல், தபால் சுமக்கிற பையன் பிழைப்பாகிவிட்டது என்று நொந்துகொண்டார். உச்ச நீதிமன்றத்துக்குச் சொந்தக் கட்டடமே 1935இல்தான் வந்தது. நடுவில் 1803இல் மார்பரி வழக்கு, சட்டம் செல்லுமா செல்லாதா என்று சொல்லும் அதிகாரம்... அதைப் பள்ளிப் பாடம் மாதிரி எல்லோரும் எழுதிவிட்டார்கள், விட்டுவிடலாம்.

ஃபெடரல் நீதிமன்றம் என்றாலே ஏழைக்காவலன் என்று நான் சொல்ல வரவில்லை. அடிமையாக இருந்த டிரெட் ஸ்காட்டை எடுத்துக்கொள்ளுங்கள். செயின்ட் லூயிஸில் மாநில நீதிமன்றத்து ஜூரிதான் 1850இல் அவருக்கு விடுதலை கொடுத்தது. அதை மாநில உச்ச நீதிமன்றம் பறித்தது. ஃபெடரல் பக்கம் போனார், அங்கேயும் 1854இல் தோல்வி, 1857இல் உச்ச நீதிமன்றத்தில் மானக்கேடான தோல்வி. 1894 புல்மேன் ரயில் வேலைநிறுத்தத்தை உடைத்ததும் சிகாகோ ஃபெடரல் நீதிபதிகளின் தடையாணைதான். தொழிற்சங்கத் தலைவர் யூஜின் டெப்ஸ் ஆறு மாதம் சிறைக்குப் போனார். அந்த ஆயுதத்தின் முனையை மழுக்க 1932இல் தனிச்சட்டமே போட வேண்டியிருந்தது. இவ்வளவு தெரிந்தும் நான் ஏன் அந்தப் பக்கம் பேசுகிறேன் என்றால், சார்ல்ஸ்டனும் மாண்ட்கோமரியும்தான் காரணம்.

சவுத் கரோலினாவின் சார்ல்ஸ்டனில் வேட்டீஸ் வேரிங் என்று ஒரு நீதிபதி. எட்டுத் தலைமுறையாக அதே ஊர், அப்பா உள்நாட்டுப் போரில் தெற்குப் படைக்காகச் சண்டை போட்டவர், மேட்டுக்குடி. 1942இல் ரூஸ்வெல்ட் நியமித்தபோது இவர் கலகம் செய்வார் என்று ஒருவரும் நினைத்திருக்க மாட்டார்கள். 1946 பிப்ரவரியில் ஐசக் உட்டர்ட் என்ற கறுப்பின ராணுவ வீரர், யுத்தம் முடிந்து சீருடையைக்கூடக் கழற்றாமல் பஸ்ஸில் வீடு திரும்புகிறார். டிரைவரோடு வாய்த்தகராறு. பேட்ஸ்பர்க் என்ற சின்ன ஊரில் இறக்கிவிடப்பட்ட அவரை, போலீஸ் தலைவர் தடியால் அடித்து இரண்டு கண்களையும் பறித்துவிட்டார். வழக்கு வேரிங் முன்னால் வந்தது. அரசுத் தரப்பு ஏனோதானோ என்று நடத்தியது. முழுக்க வெள்ளையர்களாலான ஜூரி அரை மணி நேரத்துக்குள் விடுதலை என்றது. வேரிங்கின் மனைவி நீதிமன்றத்திலிருந்து அழுதபடி வெளியேறினார் என்று பதிவாகியிருக்கிறது.

அன்றைக்கு ஜூரியின் கையில் இருந்ததை வேரிங்கால் மாற்ற முடியவில்லை. ஆனால் அதன்பிறகு அவர் பழைய ஆளாக இல்லை. ஜனநாயகக் கட்சியின் உள்தேர்தலில் வெள்ளையருக்கு மட்டுமே ஓட்டு என்ற ஏற்பாட்டை 1947இல் உடைத்தார். "சவுத் கரோலினா மறுபடி ஐக்கியத்தில் சேர நேரம் வந்துவிட்டது" என்று தீர்ப்பில் எழுதினார். உள்ளூர்க்காரன் சொந்த ஊரைப் பார்த்து இப்படி எழுதினால் என்ன ஆகும்? தெருவில் பேச்சு நின்றது, வீட்டு முன்னால் சிலுவை எரிந்தது. 1951இல் கிளாரண்டன் கவுண்டி பள்ளி வழக்கு வந்தது. ஆரம்பத்தில் அங்கிருந்த கறுப்பினப் பெற்றோர் கேட்டது ஒரு பள்ளிப் பேருந்து, அவ்வளவுதான். மூன்று நீதிபதிகளில் இரண்டு பேர் கறுப்பு, வெள்ளைப் பிள்ளைகளைத் தனித்தனிப் பள்ளிகளில் பிரித்து வைப்பது சரி என்றார்கள். வேரிங் மட்டும் பிரித்து வைப்பதே சமத்துவமின்மைதான் என்று எழுதினார். மூன்று வருடம் கழித்து பிரவுன் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒன்பதுக்கு பூஜ்யம் என்று வந்து சேர்ந்த இடம் அதுதான். பிரவுன் என்ற பெயரில் சேர்த்து விசாரித்த ஐந்து வழக்குகளில் கிளாரண்டன் வழக்கும் ஒன்று.

இங்கே ஒரு நெருடல் உண்டு. பள்ளி வழக்கை எந்தக் கோணத்தில் போட வேண்டும் என்று வழக்கறிஞர் தர்குட் மார்ஷலுக்கு நீதிபதியே ஜாடை காட்டியிருக்கிறார். கண்டிப்பான பார்வையில் இது முறையல்ல. எனக்குப் பிடித்த பக்கம் ஜெயித்தது என்பதற்காக அதை மறைக்க விரும்பவில்லை.

வேரிங் 1952இல் ஓய்வு பெற்று நியூயார்க்குக்குப் போய்விட்டார். 1968இல் இறந்த பிறகு சார்ல்ஸ்டனில்தான் அடக்கம் செய்தார்கள். 2015இல் அதே சார்ல்ஸ்டன் ஃபெடரல் நீதிமன்றக் கட்டடத்துக்கு அவர் பெயரை வைத்தார்கள். அதற்கு முன் இருந்தது செனட்டர் ஃபிரிட்ஸ் ஹாலிங்ஸின் பெயர். என் பெயரை எடுத்துவிட்டு வேரிங் பெயரை வையுங்கள் என்று அவரே கேட்டுக்கொண்டார். வைத்த பெயரை எடுக்கச் சொல்லும் அரசியல்வாதியை நான் வேறெங்கும் கேள்விப்பட்டதில்லை.

அலபாமாவின் மாண்ட்கோமரிக்கு வருவோம். பஸ்ஸில் வெள்ளையருக்கு இடம் விட மறுத்துக் கைதான ரோசா பார்க்ஸ் கதை எல்லோருக்கும் தெரியும். பஸ்ஸில் பிரித்து உட்கார வைப்பதை ஒழித்த வழக்கில் அவர் பெயர் இல்லை என்பது பலருக்குத் தெரியாது. அவர் வழக்கு மாநில நீதிமன்றத்தில் இருந்தது, அங்கே இழுத்தடித்தே கொன்றிருப்பார்கள். 25 வயது வழக்கறிஞர் ஃபிரெட் கிரே, 1956 பிப்ரவரியில் வேறு பெண்களை வைத்து ஃபெடரல் நீதிமன்றத்தில் தனி வழக்குப் போட்டார். அவர்களில் ஒருவர் கிளாடெட் கால்வின். பார்க்ஸுக்கு ஒன்பது மாதம் முன்னாலேயே, 15 வயதில், எழுந்திருக்க மாட்டேன் என்று கைதானவர். உங்களுக்கு யார் தலைவர் என்று நகராட்சி வக்கீல் மடக்கி மடக்கிக் கேட்டார். போராட்டத்தை நடத்திய மார்ட்டின் லூதர் கிங்தான் தூண்டிவிட்டார் என்று சொல்ல வைக்க வேண்டும் அவருக்கு. எங்களுக்கு நாங்களேதான் தலைவர் என்று அந்தப் பெண் சொல்லிவிட்டார்.

அந்த வழக்கைக் கேட்ட மூவர் பெஞ்சில் ஒருவர் ஃபிராங்க் ஜான்சன். ஐசன்ஹோவர் போட்ட ஆள், வயது 37, பதவிக்கு வந்து சில மாதங்கள்தான். ஜூன் 5 அன்று இரண்டுக்கு ஒன்று என்று தீர்ப்பு: பஸ் சட்டம் செல்லாது. நகராட்சி மேல்முறையீடு போனது.

நவம்பர் 13 அன்று நடந்ததுதான் எனக்கு மொத்த விஷயத்தையும் விளக்குகிற காட்சி. கறுப்பின மக்கள் பஸ்ஸைப் புறக்கணித்து, கார்களைப் பகிர்ந்துகொண்டு வேலைக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். அதையும் தடை செய்யக் கேட்டு நகராட்சி மாநில நீதிமன்றத்துக்குப் போயிருந்தது. மார்ட்டின் லூதர் கிங் எதிர்த்தரப்பு மேசையில் உட்கார்ந்திருக்கிறார், தோற்கப் போகிறோம் என்று தெரியும். இடைவேளையில் நிருபர் ஒருவர் ஒரு துண்டுத்தாளைக் கொண்டுவந்து கொடுக்கிறார். ஜான்சன் பெஞ்சின் தீர்ப்பை உச்ச நீதிமன்றம் உறுதி செய்துவிட்டது. அதன்பிறகும் மாநில நீதிபதி தன் வேலையை விடவில்லை, கார்களுக்குத் தடை போட்டுவிட்டுத்தான் எழுந்தார்! ஒரே ஊர், ஒரே பிரச்சினை. ஒருவர் உள்ளூர் ஓட்டுக்குப் பதில் சொல்ல வேண்டியவர், இன்னொருவர் அப்படியல்ல.

1965இல் ஓட்டுரிமை கேட்டு ஊர்வலம் போனவர்களை செல்மா பாலத்தில் போலீஸ் ரத்தம் சிந்த வைத்த பிறகு, மறுபடி ஊர்வலத்துக்கு அனுமதி கொடுத்ததும் ஜான்சன்தான். முதலில் விசாரணை முடியும்வரை போகக் கூடாது என்று தடுத்தார், அதற்காகத் திட்டும் வாங்கினார். பிறகு மார்ச் 17 அன்று, எதிர்க்கப்படும் அநீதி எவ்வளவு பெரியதோ அந்த அளவுக்கு ஊர்வலம் போகும் உரிமையும் விரியும் என்று எழுதினார். கவர்னர் ஜார்ஜ் வாலஸ் அவருடைய சட்டக் கல்லூரித் தோழர், வாய்க்கு வந்தபடி ஏசினார். 1967இல் ஜான்சனின் தாயார் வீட்டில் குண்டு வெடித்தது. அந்த அம்மா உயிர் பிழைத்தார். தேர்தலில் நிற்க வேண்டிய நிலை ஜான்சனுக்கு இருந்திருந்தால், முதல் தீர்ப்போடு கதை முடிந்திருக்கும்.

அமெரிக்காவில் வாழும் என்னைப் போன்ற நம்மவர்களில் பலர் ஃபெடரல் நீதிமன்றத்துக்குள் கால் வைப்பது ஒரே தடவை, குடியுரிமை உறுதிமொழிக்கு. நான் போனபோது வாசலிலேயே செல்போனை வாங்கி வைத்துக்கொண்டார்கள். பட்டுப்புடவையில் வந்திருந்த ஓர் அம்மா, போட்டோ எடுக்க முடியாதென்றால் இதை எதற்குக் கட்டிக்கொண்டு வந்தேன் என்று புலம்பிக்கொண்டிருந்தார். 1990 சட்டம் வரும்வரை குடியுரிமை கொடுத்ததே நீதிமன்றங்கள்தான். முதல் உலகப்போரில் அமெரிக்கப் படையில் இருந்த பகத் சிங் திந்த் என்ற பஞ்சாபிக்கு 1920இல் ஒரிகான் ஃபெடரல் நீதிபதி வால்வர்ட்டன் கொடுத்தார். நீ வெள்ளையன் இல்லை என்று 1923இல் பறித்தது உச்ச நீதிமன்றம், அதுவும் ஒருமனதாக. கீழே இருந்தவருக்குப் புரிந்தது மேலே இருந்தவர்களுக்குப் புரியவில்லை.

2025 ஜனவரியில் அதிபர் டிரம்பின் பிறப்புக் குடியுரிமை ஆணை வந்ததே, ஞாபகம் இருக்கிறதா? அப்பாவோ அம்மாவோ குடிமகனாகவோ கிரீன் கார்டுக்காரராகவோ இல்லாவிட்டால் குழந்தைக்குக் குடியுரிமை இல்லை. எச்1பி குடும்பங்களுக்கும் அடி. பிப்ரவரி 19க்கு முன்னால் பிரசவம் ஆகிவிடுமா என்று என் வாட்ஸ்அப் குழுவில் நாள் எண்ணிக்கொண்டிருந்தார்கள். ஆணை வந்து மூன்றாம் நாள் சியாட்டிலில் நீதிபதி ஜான் கோக்னவர் நிறுத்தி வைத்தார். அப்பட்டமாக அரசியலமைப்புக்கு விரோதம் என்றார். அவரை நியமித்தவர் ரீகன், 1981இல். யார் போட்ட ஆள் என்று மட்டும் பார்க்கிறவர்கள் இவரை எந்தக் கட்டத்தில் வைப்பார்கள்?

நியமனத்தில் அரசியல் இல்லை என்று சொல்லவில்லை. திருநெல்வேலிப் பக்கம் வேர் உள்ள ஸ்ரீ ஸ்ரீநிவாசனை 2013இல் வாஷிங்டன் மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கு செனட் 97க்கு பூஜ்யம் என்று அனுப்பியது. பிறகு உச்ச நீதிமன்றத்துக்கு வந்த கவனா 50க்கு 48, பாரெட் 52க்கு 48. கெட்டுத்தான் போயிருக்கிறது.

அதைவிட எனக்கு உறுத்துவது டெக்சஸின் அமரில்லோ. அங்கே வழக்குப் போட்டால் அநேகமாக மேத்யூ காஸ்மரிக் என்ற ஒரே நீதிபதியிடம்தான் போகும். கருக்கலைப்பு மாத்திரையை எதிர்த்தவர்கள் அந்த ஊரிலேயே சங்கத்தைப் பதிவு செய்துகொண்டு வழக்குப் போட்டார்கள். 2000 முதல் விற்பனையில் இருந்த மாத்திரையின் அனுமதியை 2023 ஏப்ரலில் அவர் நிறுத்தினார். வழக்குப் போடவே இவர்களுக்குத் தகுதி இல்லை என்று உச்ச நீதிமன்றம் 2024இல் ஒருமனதாகத் தூக்கி எறிந்தது. ஜான்சனுக்கு முதுகெலும்பு கொடுத்த அதே ஆயுள் பதவிதான் இவருக்கும். ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இங்கே கோளாறு பதவிக்காலத்தில் இல்லை, நீதிபதியைப் பார்த்து ஊரைத் தேர்ந்தெடுக்க முடிகிறதே, அதில் இருக்கிறது.

ஒரு மாவட்ட நீதிபதி நாடு முழுவதற்கும் தடை போடுவதை 2025 ஜூனில் உச்ச நீதிமன்றம் வெகுவாகக் கட்டுப்படுத்தியது. பாதிக்குப் பாதி எனக்குச் சம்மதம். இரண்டு வாரத்துக்குள் நியூஹாம்ப்ஷயர் நீதிபதி ஜோசஃப் லாப்லான்ட் அந்தக் குடியுரிமை ஆணையால் பாதிக்கப்படும் குழந்தைகளை ஒரே தரப்பாகச் சேர்த்து வேறு வழியில் அதே பாதுகாப்பைக் கொடுத்தார். அவர் புஷ் போட்ட ஆள்.

செய்ய வேண்டியது சின்ன வேலை. மாநிலத்தையோ நாட்டையோ பாதிக்கும் வழக்கு என்றால், அந்த மாவட்டத்தில் உள்ள எல்லா நீதிபதிகளுக்கும் நடுவில் குலுக்கிப் போட வேண்டும். நம்மூரில் எந்த வழக்கு எந்த பெஞ்சுக்கு என்பதைத் தலைமை நீதிபதி தீர்மானிக்கிறார், அது எந்த லட்சணத்தில் நடக்கிறது என்று 2018இல் நான்கு நீதிபதிகளே பிரஸ் மீட் வைத்துச் சொன்னார்கள். குலுக்கல் அதைவிட மேல். 2024 மார்ச்சில் ஃபெடரல் நீதிபதிகளின் நிர்வாக அமைப்பே இதைப் பரிந்துரைத்தது. அமரில்லோ அடங்கிய வடக்கு டெக்சஸ் மாவட்டம் முடியாது என்று பதில் எழுதிவிட்டது. அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸ் சட்டம் போட்டால் கேட்டே ஆக வேண்டும். போட மாட்டார்கள். இன்றைக்கு எதிர்க்கட்சியாக இருந்து கத்துகிறவர்களுக்கும், நாளைக்குத் தங்களுக்கென்று ஓர் அமரில்லோ தேவைப்படும்.