மாறுதலில் போகிறவர் கையில் எஸ்.ஆர். நகல் இருக்க வேண்டும்

பொது மாறுதல் கலந்தாய்வு முடிந்தால் ஆசிரியர் வாட்ஸ்அப் குழுக்களில் வாழ்த்து குவியும். சொந்த மாவட்டம் கிடைக்கிற சந்தோஷம் எப்படிப்பட்டது என்று குழந்தைகளை ஊரில் விட்டுவிட்டு வேலை பார்த்தவர்களுக்குத்தான் தெரியும். அவர்களுக்கு ஒரு வேண்டுகோள். விடுவிப்பு ஆணையை வாங்கிய கையோடு பஸ் ஏறிவிடாதீர்கள். உங்கள் பணி விவரம் முழுவதும் எழுதப்பட்டிருக்கும் பணிப்பதிவேட்டை, அதாவது எஸ்.ஆரைக் கேட்டு வாங்கி, பக்கம் பக்கமாகப் பாருங்கள். ஒரு நகலையும் வாங்கிக்கொண்டு பிறகு கிளம்பலாம்.

எஸ்.ஆர். அலுவலகத்தின் பொறுப்பில் இருக்க வேண்டியதுதான். அதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் தகுதிகாண் பருவம் முடித்த ஆணை, துறைத் தேர்வுத் தேர்ச்சி, ஆண்டு ஊதிய உயர்வு, ஈட்டிய விடுப்புக் கணக்கு, இந்தக் காலத்தில் பணியில் இருந்தார் என்று அலுவலகம் சான்றளிக்கும் பணி சரிபார்ப்பு என்று அதிலுள்ள ஒவ்வொரு பதிவும் நம் சம்பளத்தையும் ஓய்வுக்காலப் பணத்தையும் தீர்மானிக்கிறது. பழைய ஓய்வூதியத்தில் இருப்பவர்களுக்கு ஓய்வூதியக் கருத்துருவோடு மாநிலக் கணக்காயர் அலுவலகத்துக்குப் போவதும் இந்தப் பதிவேடுதான். அதைப் பார்க்கிறவருக்கு நம்மை யாரென்று தெரியாது. ஏட்டில் இருந்தால் உண்டு, இல்லாவிட்டால் இல்லை.

என்னோடு பணியாற்றிய ஆசிரியை ஒருவர் வட மாவட்டத்திலிருந்து மாறுதலில் வந்தவர். கடைசி ஊதியச் சான்று உடனே வந்துவிட்டது, சம்பளமும் தடையில்லாமல் கிடைத்தது. அதனால் எஸ்.ஆரை யாரும் திறந்து பார்க்கவில்லை. பத்தாண்டு முடிந்து தேர்வு நிலை என்கிற உயர் ஊதிய நிலைக்கு விண்ணப்பித்தபோதுதான் பழைய இடத்தில் இரண்டு வருடத்துக்குப் பணி சரிபார்ப்பே போடவில்லை என்று தெரிந்தது. ஒரு மருத்துவ விடுப்புக்கு ஆணை எண்ணும் இல்லை. அங்கிருந்த எழுத்தர் மாறிப் போயிருந்தார். பழைய சம்பளப் பட்டியலைத் தேடித் தரச் சொல்லி, விடுப்புப் போட்டுக்கொண்டு அந்த அம்மா அலைந்த அலைச்சலைப் பக்கத்திலிருந்து பார்த்தேன். வேலை செய்ததற்கு வேலை செய்தவரே சாட்சி தேட வேண்டியிருந்தது. இன்றைக்கும் அதை நினைத்தால் கோபம் வருகிறது.

மத்திய அரசு ஊழியர்களுக்கு இது விதியாகவே இருக்கிறது. பொது நிதி விதிகள் 2017-ன்படி பணிப்பதிவேடு இரண்டு படிகள். ஒன்று அலுவலகத்தில், இன்னொன்று ஊழியரிடம். ஊழியர் ஜனவரியில் தன் படியைக் கொடுத்தால் 30 நாளுக்குள் பதிவுகளைச் சேர்த்துத் திருப்பித் தர வேண்டும். ஆண்டுதோறும் ஊழியரிடம் பதிவேட்டைக் காட்டிக் கையொப்பம் வாங்குவது அலுவலகத் தலைவரின் கடமை என்று துணை விதி (Supplementary Rule) 202 சொல்கிறது. நம்மிடையே டூப்ளிகேட் எஸ்.ஆர். வைத்திருப்பவர்கள் உண்டு. ஆனால் அதில் பதிவு போட்டுக் கையெழுத்து வாங்குவதற்குள் எத்தனை முறை கெஞ்ச வேண்டியிருக்கிறது!

அரசு ஊழியர்களின் சம்பளம், பணி விவரங்களைக் கணினியில் வைக்கும் களஞ்சியம் வந்துவிட்டதே, இனி என்ன கவலை என்கிறார்கள். நல்ல ஏற்பாடுதான், வரவேற்கிறேன். ஆனால் காகிதத்தில் விடுபட்டது கணினியிலும் விடுபட்டுத்தான் ஏறும்.

சில அலுவலகங்களில் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் (ஆர்.டி.ஐ.) மனுப் போட்டு நம் எஸ்.ஆர். நகலைக் கேட்டால் ‘தனிநபர் தகவல்’ என்று பிரிவு 8(1)(ஒ)-வை, அதாவது ஆங்கில ‘ஜே’ உட்பிரிவைக் காட்டி மறுக்கிறார்கள். 2012-ல் உச்ச நீதிமன்றம் கிரிஷ் தேஷ்பாண்டே வழக்கில் பணி விவரங்களைத் தனிநபர் தகவல் என்று சொன்னதையும் சேர்த்துக்கொள்கிறார்கள். அந்த வழக்கில் ஒருவர் கேட்டது வேறொரு அதிகாரியின் பணி விவரங்களை. என் பதிவேட்டை நானே கேட்கும்போது யாருடைய அந்தரங்கத்தைக் காப்பாற்றுகிறார்கள்? அப்படி மறுத்தால் விட்டுவிடாதீர்கள், முதல் மேல்முறையீடு செய்யுங்கள்.

எழுத்தர்களைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. காலிப் பணியிடங்களின் வேலையையும் சேர்த்து ஒருவரே இழுக்கிற அலுவலகங்களை நானும் பார்க்கிறேன். அதனால்தான் இதை விதியாக்கக் கேட்கிறேன். விடுவிப்பு ஆணையிலேயே மூன்று விஷயங்கள் இருக்க வேண்டும்: பதிவேடு எந்தத் தேதி வரை முடிக்கப்பட்டது, சான்றிட்ட நகல் கொடுக்கப்பட்டதா, ஊழியரின் கையொப்பம். அகவிலைப்படிக்குக் குரல் கொடுக்கிற நம் சங்கங்கள் அடுத்த கோரிக்கைப் பட்டியலில் இதையும் சேர்க்க வேண்டும்.