"யூடியூபில் கிடக்கிறதே" என்றவருக்கு

பழைய வங்காளப் படங்களைப் பாதுகாக்க வேண்டும் என்று நான் பேசிய ஞாயிற்றுக்கிழமை கூட்டத்தைப் பற்றி எழுதவே வேண்டாம் என்று மூன்று நாள் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன். வீடியோவை நீங்கள் எல்லோரும் பார்த்தாயிற்று. அதில் பாதிப் பேர் எனக்கே அனுப்பியும் வைத்தீர்கள், நன்றி. ஆகவே யார், எங்கே என்று விளக்கப்போவதில்லை, கேள்வி கேட்டவரின் பெயரும் சொல்லமாட்டேன். அவர் கேட்டது இதுதான்: "வங்காள சினிமா என்றால் ரே. அவர் படங்கள் பளிச்சென்று இருக்கின்றன. மற்றதெல்லாம் யூடியூபில் கிடக்கிறதே, இதில் எதைப் பாதுகாக்கச் சொல்கிறீர்கள்?" அரங்கம் சிரித்தது. நானும் கூடச் சேர்ந்து அசட்டுச் சிரிப்பு சிரித்துவைத்தேன். மூன்று நாளாகத் தூங்கவிடாதது அவர் கேள்வியைவிட அந்தச் சிரிப்புதான்.

கிடைப்பது வேறு, இருப்பது வேறு. அன்றைக்கு மைக்கில் எனக்கு வாயில் வராத வாக்கியம் இது.

சத்யஜித் ரேயிலிருந்தே ஆரம்பிக்கலாம், அவர்தான் பளிச்சென்று இருக்கிறாரே. 1992இல் அவருக்கு ஆஸ்கர் கௌரவ விருது கொடுத்தபோது, மேடையில் காட்டச் சில துண்டுக் காட்சிகளுக்கு நல்ல பிரதி கிடைக்காமல் திண்டாடினார்கள். காப்பாற்ற வேண்டுமே என்ற கவலை பிறந்து, நெகட்டிவ்கள், அதாவது பிரதிகளுக்கெல்லாம் தாயான மூலச் சுருள்கள், லண்டனுக்குப் போயின. 1993இல் அந்த லேபில் தீ. அபு என்ற பையனின் வாழ்க்கையைச் சொல்லும் ரேயின் படங்கள் மூன்றின் மூல நெகட்டிவும் கருகின. கருகியதைக் குப்பையில் போடாமல் எடுத்துவைத்தது ஆஸ்கர் கொடுக்கும் அமெரிக்க அகாடமி. இருபது வருடம் கழித்து இத்தாலியில், போலோஞா நகரத்து லேபில், காய்ந்து முறுகிய பிலிமுக்கு ஈரம் ஏற்றி, ஓரத்துத் துளைகளை ஒவ்வொன்றாகக் கையால் சரிசெய்தார்கள். ஏறக்குறைய ஆயிரம் மணி நேரக் கைவேலை. பதேர் பாஞ்சாலியில் 40 சதவீதம், அபராஜிதோவில் 60 சதவீதத்துக்கு மேல் அந்தக் கருகிய நெகட்டிவிலிருந்தே மீண்டு வந்தது. மூன்றாவது படத்தின் நெகட்டிவில் ஒன்றும் தேறவில்லை, வேறு பிரதிகளைக் கொண்டு ஒப்பேற்றினார்கள். 2015இல் வெளிவந்த அந்தப் பளிச்தான் ஐயா நீங்கள் பார்த்த பளிச். உலகமே கொண்டாடும் மனிதருக்கே இந்தப் பாடு என்றால் மற்றவர்கள் கதி என்ன?

மற்றவர்கள் கதி இது. 1898இல் ராயல் பயாஸ்கோப் நிறுவனத்தைத் தொடங்கிய வங்காள சினிமா முன்னோடி ஹிராலால் சென் எடுத்த அத்தனையும் 1917இல் கிடங்கோடு எரிந்தன. அதே வருடம் அவரும் போய்விட்டார். தாகூர், ஆமாம், தாகூரேதான், 1932இல் கல்கத்தாவின் நியூ தியேட்டர்ஸ் ஸ்டுடியோவுக்காக ஒரு படம் இயக்கினார். 1940இல் அந்த ஸ்டுடியோவில் பிடித்த தீ அதைத் தின்றுவிட்டது. நடிகரும் இயக்குநருமான பி.சி. பரூவாவின் 1935ஆம் வருடத்து வங்காள தேவதாஸ் டாக்கா காப்பகத்தில் சிதைந்த பிரதியாகத்தான் தப்பியது. 1919இல் வந்த முதல் வங்காளக் கதைப்படம் பில்வமங்கள் அரைமணி நேரம்கூடத் தேறாத துண்டாகப் பாரீஸில் கிடந்தது. இதில் எது முழுசாக யூடியூபில் கிடக்கிறது, சொல்லுங்கள்.

கிடப்பது எப்படிக் கிடக்கிறது என்றும் பார்த்திருக்கிறேன். மூலையில் ஏதோ ஒரு சேனலின் சின்னம். பல்லவி முடிந்து சரணத்தில் ஒரு வெட்டு. அகலத் திரைக்காக இழுத்ததில் வங்காளத்தின் நாயக நடிகர் உத்தம் குமார் முகம் பரங்கிக்காய். ஏற்றியவர் யாரென்று தெரியாது, நாளைக்கு அவர் எடுத்துவிட்டால் அதுவும் இல்லை. அதற்குப் பெயர் கிடைப்பது. கிடைப்பது வேறு, இருப்பது வேறு. (இரண்டாம் தடவை சொல்கிறேன். இன்னும் சொல்வேன்.)

ஆறு வருடத்துக்கு முன் தர்மதலாவில் ஒரு பழைய விநியோகஸ்தரின் அறைக்குப் போயிருந்தேன். மாடிப்படிக்குக் கீழே, ஜன்னல் கிடையாது, கல்கத்தாவின் ஆகஸ்ட் மாதப் புழுக்கம். ஒரு தகர டப்பாவைத் திருகுளியால் நெம்பித் திறந்தார். ஊறுகாய் ஜாடி உடைந்ததுபோல் குப்பென்று ஒரு புளிப்பு நெடி, கண்ணில் நீர் வந்துவிட்டது. அசிடேட் பிலிம் அழுகினால் வினிகர் வாடைதான் வரும். உள்ளே சுருள் என்று எதுவும் இல்லை; வெயிலில் உருகி மறுபடி இறுகிய கருப்பட்டி மாதிரி ஒரே வட்டு. விரல் நகத்தால் ஓர் ஓரத்தைக் கிளப்பிப் பார்த்துவிட்டு "சேஷ்" என்றார். நம் ஊரில் சேஷம் என்றால் மிச்சம். அவர்கள் ஊரில் தீர்ந்துபோயிற்று என்று அர்த்தம். எனக்குப் புரிய ஒரு நிமிடம் பிடித்தது. டப்பாமேல் ஒட்டியிருந்த சீட்டில் படத்தின் பெயரும் கரைந்திருந்தது. எந்தப் படம் செத்தது என்பதுகூட இனி யாருக்கும் தெரியாது.

இனி ஆட்சேபங்கள் வரும், எனக்குத் தெரியும். "வங்காளிகள் பாடு அது, உனக்கென்ன வந்தது?" 1933இல் வள்ளி திருமணம் படமானது கல்கத்தாவில். சென்னையில் பேசும்படத்துக்கு ஒரு ஸ்டுடியோ 1934இல்தான் வந்தது. அதுவரை நம் ஆட்கள் பம்பாய்க்கோ கல்கத்தாவுக்கோ ரயில் ஏறினார்கள். தமிழில் வந்த மஞ்சள் மகிமை படம் எங்கிருந்து வந்தது? 1954இன் வங்காளப் படம் அக்னி பரீட்சாவிலிருந்து. சௌகார் ஜானகியின் காவியத் தலைவி? வங்காள நடிகை சுசித்ரா சென்னின் உத்தர் பால்குனியிலிருந்து. எனக்கென்ன வந்தது என்று கேட்பவர்கள் இதையெல்லாம் திருப்பிக் கொடுத்துவிட்டுக் கேட்கட்டும். நம் முதல் பேசும்படம் காளிதாஸே இன்று இல்லை என்பது வேறு கதை, அதை ஆரம்பித்தால் எனக்கு ரத்த அழுத்தம் ஏறும்.

"பணத்துக்கு எங்கே போவது?" தெரியாது. அடுத்தது.

"எல்லாக் குப்பையையுமா சேர்த்துவைப்பது?" ஆமாம், எல்லாவற்றையும். வங்காள இயக்குநர் ரித்விக் கட்டக்கின் முதல் படம் 1952இல் முடிந்தது, 1977இல் திரைக்கு வந்தது. அவர் இறந்து ஒரு வருடம் ஆகியிருந்தது. அந்த இருபத்தைந்து வருடமும் அதற்கு என்ன பெயர்? விற்காத சரக்கு. எது குப்பை என்று தீர்மானிக்க நீங்கள் யார் என்று கேட்க மாட்டேன், மரியாதை தெரிந்தவன். ஆனால் கேட்கத் தோன்றுகிறது.

அதுவும் போகட்டும். ரேயும் கட்டக்கும் இல்லாவிட்டாலும் இதைக் கேட்டிருப்பேன். எங்கள் வீடு கல்கத்தாவில் லேக் மார்க்கெட் பக்கம். அப்பாவுக்குக் கம்பெனியில் கணக்கு வேலை, அம்மாவுக்குக் கும்பகோணத்துக்கு வெளியே வேறு உலகம் தெரியாது. அவள் வங்காளம் படித்தது மேட்னி ஷோவில். ஒரே படம் மூன்று தியேட்டரில் ஒன்றாக வெளியாகும், அந்த மூன்று பெயரையும் சேர்த்தேதான் விளம்பரம் வரும். மினார்-பிஜலி-சபிகர். ரூப்பாணி-அருணா-பாரதி. உத்தரா-பூரபி-உஜ்ஜலா. பிரபவ, விபவ என்று வருடப் பெயர் சொல்வதுபோல் அடுப்படியில் சொல்லிக்கொண்டே தோசை வார்ப்பாள். தியேட்டரில் விற்கும் பாட்டுப் புத்தகங்களை, கதைச் சுருக்கம் போட்டிருக்குமே, அவற்றை வாங்கி எழுத்துக்கூட்டிப் படித்துப் பழகினாள். ஒரு டிரங்குப் பெட்டி நிறைய இருந்தன. தாகூரே வந்து திறந்துவைத்த ரூப்பாணி இன்று இல்லை. ஹாதிபாகானின் மித்ரா தியேட்டர் 2019இல் மூடியாயிற்று. பெட்டியும் இல்லை.

பெட்டி எங்கே போயிற்று என்று சொல்லிவிடுகிறேன், இல்லாவிட்டால் இவ்வளவு பேசியதற்கு எனக்கு யோக்கியதை கிடையாது. 1998இல் அந்த வீட்டைக் காலி செய்தபோது நான்தான் எடைக்குப் போட்டேன். பழைய பேப்பரோடு சேர்த்து. "இதெல்லாம் எங்கேயாவது கிடைக்கும் அம்மா" என்றேன். அவள் ஒன்றும் சொல்லவில்லை. ஞாயிற்றுக்கிழமை அந்த மனிதர் பேசியது என்னுடைய வசனம்.

சமையல் அலமாரித் தட்டில் விரித்திருந்ததால் ஒன்றே ஒன்று தப்பியது. முன்னட்டை எண்ணெய்ப் பிசுக்கில் பழுப்பேறிவிட்டது, சுசித்ரா சென்னின் நெற்றியும் ஒரு கண்ணும் தெரிகின்றன. பின்னட்டையில் பென்சிலில் அம்மாவின் பால் கணக்கு, தேதி தமிழில், சேர் கணக்கு வங்காள எண்ணில். பதினொன்றாம் தேதிக்கு நேரே "ஹர்த்தால், வரவில்லை."

அந்த நண்பர் எப்போது வேண்டுமானாலும் வீட்டுக்கு வரலாம். காபி கொடுப்பேன். புத்தகத்தைக் காட்டவும் காட்டுவேன், தொடமட்டும் விடமாட்டேன்.