பின்லாந்து, 1907: வாக்களிக்க மட்டுமல்ல, வேட்பாளராக நிற்கவும்

பெண்களின் வாக்குரிமையைப் பற்றிப் பேசும்போதெல்லாம் 1893-இன் நியூசிலாந்தைச் சொல்லிவிட்டு, முப்பது வயதைத் தாண்டிய பெண்களுக்கு மட்டும் 1918-இல் அரைகுறையாகக் கொடுத்த பிரிட்டனுக்குத் தாவிவிடுகிறோம். இடையில் பின்லாந்து விடுபட்டுப்போவது எனக்கு நெடுநாளைய வருத்தம். நியூசிலாந்துப் பெண்கள் வாக்களிக்கலாமே தவிர, 1919 வரை தேர்தலில் நிற்க முடியாது. ஆஸ்திரேலியாவில், பூர்வகுடிப் பெண்களை ஒதுக்கிவிட்டு, 1902-இல் இரண்டு உரிமைகளையும் கொடுத்தார்கள். ஆனால் கூட்டாட்சி நாடாளுமன்றத்துக்குள் ஒரு பெண் நுழைய 1943 ஆயிற்று. முப்பது இலட்சம் பேர்கூட இல்லாத, ரஷ்யப் பேரரசுக்குக் கட்டுப்பட்டிருந்த பின்லாந்திலோ, இரண்டு உரிமைகளும் சேர்ந்து வந்து, முதல் தேர்தலிலேயே 19 பெண்கள் வென்றார்கள்.

இதை ஜார் மன்னரின் பெருந்தன்மை என்று எழுதுவது தவறு. ஜப்பானிடம் தோற்று, உள்நாட்டிலும் புரட்சியைச் சந்தித்துக்கொண்டிருந்த இரண்டாம் நிக்கோலஸ், 1905-இன் இறுதியில் பின்லாந்து முழுவதையும் முடக்கிய பொது வேலைநிறுத்தத்துக்குப் பிறகே இறங்கிவந்தார். பிரபுக்கள், குருமார்கள், நகரத்தார், நிலமுள்ள உழவர்கள் என நான்காகப் பிரிந்து உட்கார்ந்த பழைய சபை 1906-இல் கலைந்தது. அதனிடத்தில் 200 உறுப்பினர் கொண்ட ஒரே அவை வந்தது. 24 வயது நிரம்பியவர்களுக்கு வாக்கு என்றானதும் வாக்காளர் தொகை ஏறத்தாழப் பத்து மடங்கானது. ஏழைகளுக்கான அரசு உதவியில் வாழ்ந்தவர்கள் உள்ளிட்ட சிலரை விலக்கிவைத்தார்கள். அந்த அநீதியையும் மறைக்காமல் சொல்லத்தான் வேண்டும்.

1907 மார்ச் 15, 16 தேதிகளில் வாக்குப்பதிவு நடந்தது. வாக்குச்சீட்டில் சிவப்புப் பென்சிலால் ஒரு கோடு இழுக்க வேண்டும், அவ்வளவுதான். பண்ணையாள், வேலைக்காரப் பெண், ஆலைத் தொழிலாளி என அதுவரை யாரும் கருத்துக் கேட்டிராதவர்கள் அந்தக் கோட்டை இழுத்தார்கள். பத்தில் ஏழு பேர் வாக்களித்தனர். சமூக ஜனநாயகக் கட்சி 80 இடங்களைப் பிடித்தது.

வென்ற பெண்களில் என் மனம் போய் நிற்பது மீனா சில்லன்பாவிடம். 1866-இல் ஏழைக் குடும்பத்தில் பிறந்து, பன்னிரண்டு வயதில் பருத்தி ஆலைக்குப் போய், பிறகு பிறர் வீடுகளில் வேலை செய்தவர். வீட்டுப் பணிப்பெண்களைத் திரட்டிச் சங்கம் நடத்தியவர். பிரபுக் குலத்தில் பிறந்த அலெக்சாண்ட்ரா கிரிபென்பர்க்கும் அதே அவையில் உறுப்பினர். அடுப்படிக்கும் வரவேற்பறைக்கும் நடுவே இருந்த சுவர் அந்த மண்டபத்தில் இல்லை. வாக்குரிமையோடு வேட்புரிமையும் இருந்ததால்தான் இது நடந்தது என்பதே என் வாதம்: வாக்கு மட்டும் இருந்திருந்தால், பணிப்பெண்களுக்காக அவர்களின் எசமானர்களே பேசிக்கொண்டிருந்திருப்பார்கள்.

இருந்தும், உள்ளே போனவர்களுக்கு எல்லாம் கைகூடிவிடவில்லை. ஜார் அவையைத் திரும்பத் திரும்பக் கலைத்தார். நாட்டுக்கே சட்டம் இயற்றிய உறுப்பினர், மணமான பெண்ணாக இருந்தால், சட்டப்படி கணவரின் பாதுகாவலின் கீழேயே இருந்தார்; அந்த விதி போக 1929-இன் திருமணச் சட்டம் வரவேண்டியிருந்தது. அதற்கு மூன்று ஆண்டுகள் முன்பே, 1926-இல், அந்தப் பழைய பணிப்பெண் பின்லாந்தின் முதல் பெண் அமைச்சராகிவிட்டார்.