வார இறுதிச் சிப்பாய் என்று சொல்லாதீர்கள்

மார்ஷியா ஆண்டர்சனைப் பற்றி யார் எழுதினாலும் முதல் வரி ஒன்றேதான். அமெரிக்க ராணுவத்தில் மேஜர் ஜெனரல் ஆன முதல் கறுப்பினப் பெண். 2011 செப்டம்பரில் அந்தப் பதவிக்கான இரண்டாவது நட்சத்திரம் கிடைத்தது, படம் எடுத்தார்கள், செய்தி முடிந்தது. பெரிய விஷயம்தான், மறுக்கவில்லை. ஆனால் எனக்கு அது போதவில்லை, ஏனென்றால் அவர் முழுநேர ராணுவ அதிகாரியாக இருந்து மேலே வந்தவர் கிடையாது, ரிசர்வ் படையில் இருந்து வந்தவர். அதைத்தான் எல்லோரும் ஒரு வார்த்தையில் கடந்துபோகிறார்கள்.

ரிசர்வ் என்றால் மாதத்தில் ஒரு சனி ஞாயிறு, வருடத்துக்கு இரண்டு வாரம் பயிற்சி, மற்ற நாட்களில் அவரவர் பிழைப்பு. காகிதத்தில் இருக்கிற கணக்கு இது. இதை வைத்துக்கொண்டு 'வார இறுதிச் சிப்பாய்' என்று ஒரு இளக்காரம் அங்கே ரொம்ப காலமாக உண்டு. கேட்டாலே எனக்குக் கோபம் வருகிறது. 2001-க்குப் பிறகு ரிசர்விலிருந்தும், மாநிலங்களின் பகுதிநேரப் படையான நேஷனல் கார்டிலிருந்தும் லட்சக்கணக்கான பேரை வேலையிலிருந்தும் வீட்டிலிருந்தும் கூப்பிட்டு அனுப்பினார்கள். மருத்துவப் பிரிவு, சரக்குப் போக்குவரத்து, கைப்பற்றிய ஊரில் பொதுமக்களோடு பேசி நிர்வாகத்தை ஓட்டும் பிரிவு, இதிலெல்லாம் பெரும் பங்கு ரிசர்வ்காரர்கள்தான். அவர்கள் இல்லாமல் இராக் போரும் இல்லை, ஆப்கானிஸ்தான் போரும் இல்லை.

ஆண்டர்சன் நெப்ராஸ்காவில் கிரெய்டன் பல்கலைக்கழகத்தில் படித்தவர். ஒரு அறிவியல் பாடம் எடுத்தே ஆக வேண்டும் என்ற கட்டாயத்துக்காக ராணுவப் பயிற்சி வகுப்பில் சேர்ந்து, அப்படியே 1979-ல் அதிகாரியானார். அந்த நேரத்தைப் பாருங்கள். பெண்களுக்கென்று தனியாக வைத்திருந்த விமன்ஸ் ஆர்மி கோர் என்ற பிரிவைக் கலைத்ததே 1978-ல்தான். ஹேசல் ஜான்சன் முதல் கறுப்பினப் பெண் ஜெனரல் ஆனதும் அதே 1979-ல், அதுவும் செவிலியர் பிரிவில். ஆண்டர்சனின் அப்பா குண்டுவீச்சு விமானம் ஓட்டும் ஆசையோடு ராணுவத்துக்குப் போனவர். கறுப்பர் என்பதால் கையில் கொடுத்தது லாரி. மகள் மேஜர் ஜெனரல் ஆன அன்று அப்பாவைத்தான் நினைவுகூர்ந்தார்.

நடுவில் ரட்கர்ஸ் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்தார். 1998-ல் இருந்து விஸ்கான்சின் மேற்கு மாவட்டத்தின் திவால் நீதிமன்றத்தில் நிர்வாகத் தலைமையில் இருந்தார். கடன் கழுத்தை நெரித்து, வீடும் கடையும் போகிற நிலையில் ஜனங்கள் வந்து நிற்கிற இடம் அது. 2008 நிதி நெருக்கடிக்குப் பிறகு நாடு முழுக்க திவால் மனுக்கள் எப்படிக் குவிந்தன என்று தெரியும். அந்தச் சமயத்திலேயே ராணுவப் பக்கம் அவர் மேலே ஏறிக்கொண்டிருந்தார். ரெண்டு வேலையையும் சேர்த்துச் சுமப்பது என்றால் என்ன என்பதை, ஒரு வேலைக்கே ஞாயிற்றுக்கிழமை போதாமல் திண்டாடுகிறவர்கள் யோசித்துப் பார்க்கலாம்.

என்னை ரொம்ப ஈர்த்தது, கெண்டக்கியில் உள்ள ஃபோர்ட் நாக்ஸ் ராணுவத் தளத்தில் அவர் இருந்த காலம். அங்கே மனிதவளக் கட்டளையகத்தில் துணைத் தலைவராக இருந்தார். துப்பாக்கி, டாங்கி எதுவும் இல்லாத வேலை. பதவி உயர்வு, இடமாற்றம், பதக்கம், இறந்தவர் குடும்பத்துக்குச் சேர வேண்டியது, எல்லாம் அந்த ஆபீஸ் வழியாகத்தான். அலெக்சாண்ட்ரியா, செயின்ட் லூயிஸ், இண்டியானாபொலிஸ் என்று மூன்று ஊர்களில் சிதறிக் கிடந்ததை ஒரே இடத்துக்குக் கொண்டுவந்துகொண்டிருந்த நேரமும் அதுதான், அப்போது இரண்டு போர்கள் நடந்துகொண்டிருந்தன. ஒரு ஃபைல் தொலைந்தால் எங்கோ ஒரு சிப்பாயின் பதவி உயர்வு நின்றுவிடும். இப்படிப்பட்ட வேலையை ஒழுங்காகச் செய்தால் யாருக்கும் தெரியாது. போர்க்களத்தில் நின்றவரைத்தான் ஜெனரல் என்று நினைக்கிற மனசு நமக்கும் இருக்கிறது. ஆனால் என் கணக்கில் இந்த வேலையைச் செய்தவருக்கு அதே மரியாதை சேர வேண்டும், ஒரு துளி குறையக் கூடாது.

அப்புறம் பென்டகனில் ராணுவ ரிசர்வின் துணைத் தலைமைப் பொறுப்பு, 2016-ல் ஓய்வு.

ஓய்வு என்றதும் இன்னொன்றைச் சொல்லியாக வேண்டும். முழுநேர ராணுவத்தில் 20 வருடம் முடித்தவருக்கு மறுமாதமே ஓய்வூதியம். ரிசர்வ்காரர் பயிற்சிக்கும் பணிக்கும் கிடைக்கிற புள்ளிகளில் வருடத்துக்குக் குறைந்தது 50 சேர்த்து, அப்படி 20 வருடம் காட்டினாலும் பொதுவாக 60 வயது வரை காத்திருக்க வேண்டும். போர் மாதிரியான காரணங்களுக்காக முழுநேரப் பணிக்குப் போனவர்களுக்கு, 90 நாள் பணிக்கு மூன்று மாதம் என்று அந்த வயதைக் குறைத்தார்கள். அதுவும் 2008 ஜனவரி இறுதிக்குப் பிறகு செய்த பணிக்குத்தான். 2003-ல் இராக்குக்குப் போனவர், 2005-ல் போனவர், இவர்களுடைய நாட்கள் அந்தக் கணக்கில் வரவே இல்லை. அதே பாலைவனம், அதே குண்டு, தேதி மட்டும் வேறு. இந்த அநியாயத்தை அமெரிக்க காங்கிரஸ் சரிசெய்ய வேண்டும், பின்தேதியிட்டுச் செய்ய வேண்டும், அந்த ஆட்கள் உயிரோடு இருக்கும்போதே செய்ய வேண்டும்.