கென்ட்ரிக் முடித்த பிறகும் அந்தப் பாட்டு ஓடுகிறது

போன வாரம் அக்கா மகன் வாட்ஸ்அப்பில் ஒரு கிளிப் அனுப்பியிருந்தான். "மாமா, இதைக் கேட்டிருக்கீங்களா? செம வெர்ஸ்." திறந்தால் 'கன்ட்ரோல்' என்ற ராப் பாட்டு. அமெரிக்க ராப்பர் கென்ட்ரிக் லமார் பாடும் பகுதியை மட்டும் வெட்டி எடுத்து யாரோ ஏற்றியது. முன்னாலும் இல்லை, பின்னாலும் இல்லை.

"முழுப் பாட்டும் கேட்டியாடா?" என்றேன்.

"இதுதானே மாமா முழுசு? இதுல வேற யாரும் இருக்காங்களா?"

அவன்மேல் கோபம் வரவில்லை. பத்து வருடத்துக்கும் மேலாக விமர்சகர்கள் அந்தப் பாட்டை இப்படித்தான் நம் கையில் கொடுத்திருக்கிறார்கள். அவன் கத்தரிக்கோலை எடுக்கவே இல்லை, வெட்டி வைத்ததைத்தான் பார்த்தான். எனக்கு வருத்தம் அந்தக் கத்தரிக்கோல்மேல். அதைப் பற்றித்தான் இந்தப் பதிவு. நீளமாகப் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

2013 ஆகஸ்ட் 12 இரவு. நியூயார்க்கின் ஹாட் 97 வானொலியில் ஃபங்க்மாஸ்டர் ஃப்ளெக்ஸ் அந்தப் பாட்டை முதன்முதலில் போட்டார். பாட்டு பிக் ஷானுடையது. 'ஹால் ஆஃப் ஃபேம்' ஆல்பத்துக்காகச் செய்தது. சாம்பிள்களுக்கு, அதாவது பழைய பாட்டுகளிலிருந்து வெட்டியெடுத்துச் சேர்த்த துண்டுகளுக்கு, அனுமதி கிடைக்காததால் ஆல்பத்தில் சேர்க்க முடியவில்லை. இலவசமாகவே வெளியே விட்டுவிட்டார். ஏழரை நிமிடம், மூன்று பேர். முதலில் பிக் ஷான், நடுவில் கென்ட்ரிக், கடைசியில் ஜே எலெக்ட்ரானிக்கா.

நடுவில் வந்தவர் பதினோரு பேரைப் பெயர் சொல்லி அழைத்தார். ஜே. கோல், பிக் கிரிட், வேல், புஷா டி, மீக் மில், ஏசாப் ராக்கி, டிரேக், டைலர், மேக் மில்லர். மீதி இருவர் அதே பாட்டில் அவரோடு பாடிய பிக் ஷானும் ஜே எலெக்ட்ரானிக்காவும்! உங்கள் மேல் எனக்குப் பாசம் உண்டு, ஆனால் மைக்கைப் பிடித்தால் உங்கள் யாரையும் விட்டுவைக்கப் போவதில்லை என்பதுதான் சாரம். கலிஃபோர்னியாவின் காம்ப்டனிலிருந்து வந்தவர், நியூயார்க்குக்கும் நான்தான் ராஜா என்று வேறு சொல்லிவிட்டார். விடிவதற்குள் ஹிப்ஹாப் உலகமே தீப்பற்றிக்கொண்டது. லூப்பே ஃபியாஸ்கோ, ஜோயெல் ஓர்டிஸ், ஜோ பட்டன், பாப்பூஸ் என்று ஆளாளுக்குப் பதில் பாட்டு போட்டார்கள். டிரேக் மட்டும் அது ஒரு பேராசையான எண்ணம், அவ்வளவுதான் என்கிற மாதிரி பில்போர்டு இதழ்ப் பேட்டியில் சொல்லிவிட்டு நகர்ந்தார்.

அடுத்த சில நாட்களில் வந்த விமர்சனங்களை உட்கார்ந்து படித்தவன் நான். எல்லாம் ஒரே கணக்கு: கென்ட்ரிக் ஜெயித்தார், பிக் ஷான் தன் பாட்டிலேயே தோற்றார், மூன்றாமவரைக் கேட்க யாருக்கும் பொறுமையில்லை. சில இடங்களில் பிக் ஷானைப் பாவம் என்றார்கள், சில இடங்களில் நக்கலடித்தார்கள். ஒரு ஏழரை நிமிடப் பாட்டு குத்துச்சண்டை முடிவு மாதிரி ஒரு வரியில் சுருங்கிப்போனது.

இதில் எனக்கு முதல் ஆதங்கம் பிக் ஷானைப் பற்றி. பாட்டு அவருடையது. அழைத்தவர் அவர். வந்தவர் அவர் பெயரையும் பட்டியலில் வைத்து, உன்னையும் சேர்த்துத்தான் சொல்கிறேன் என்று பாடிவிட்டுப் போகிறார். அந்தப் பகுதியை அவர் நீக்கியிருக்கலாம். ஆல்பத்தில் சேராத பாட்டு என்பதால் மொத்தமாகவே அமுக்கியிருக்கலாம், கேட்பார் யாரும் இல்லை. அவர் அப்படியே வெளியிட்டார். தன் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து தன்னையே ஒருவன் சவாலுக்கு அழைக்கும்போது கதவைச் சாத்தாதவர் எத்தனை பேர்? அந்த மனசைப் பற்றி ஒரு பத்தியாவது விமர்சனத்தில் இருந்திருக்க வேண்டாமா? ராப்பில் கெத்து என்று எதைச் சொல்கிறோம் என்கிற கேள்வியே அதில்தான் இருக்கிறது.

இரண்டாவது, பீட், அதாவது ராப்புக்கு அடியில் ஓடும் இசை. செய்தவர் நோ ஐ.டி. சிகாகோக்காரர், ராப்பர் கான்யே வெஸ்ட்டுக்கு ஆரம்ப காலத்தில் தொழில் கற்றுக்கொடுத்தவர். அதில் அவர் எடுத்துப் பயன்படுத்திய சாம்பிள்களில் ஒன்று சிலி நாட்டின் செர்ஜியோ ஓர்டேகாவும் கிலாபயூன் குழுவும் தந்த போராட்டப் பாட்டு. ஒன்றுபட்ட மக்களை ஒருபோதும் வீழ்த்த முடியாது என்பது அதன் பொருள். 1973இல் பிறந்தது, அங்கே ராணுவம் ஆட்சியைப் பிடிப்பதற்குச் சில மாதங்கள் முன்பு. இப்போது யோசித்துப் பாருங்கள். மக்கள் ஒன்றாக நிற்பதைப் பாடிய பாட்டின் மேல் நின்றுகொண்டு ஒருவர், நான் தனி, நான்தான் முதல் ஆள் என்கிறார். இந்த முரணைத் தொட்டிருந்தாலே ஒரு அருமையான கட்டுரை கிடைத்திருக்கும். அன்றைக்கு நான் படித்தவற்றில் ஒருவர்கூடத் தொடவில்லை. எல்லோரும் மார்க் போட்டுக்கொண்டிருந்தார்கள்.

மூன்றாவது, ஜே எலெக்ட்ரானிக்கா. 2009இல் அவருடைய 'எக்ஸிபிட் சி' பாட்டு வந்தபோது இதே விமர்சகர்கள்தான் அவரைத் தலையில் தூக்கிவைத்து ஆடினார்கள். நியூயார்க்கில் ரயிலில் படுத்துத் தூங்கிய நாட்களை அதில் அவர் சொல்லும் விதத்தில் அப்படி ஒரு நிதானம். அதற்குப் பிறகு அவர் குரல் கேட்பதே அபூர்வம். முதல் ஆல்பம் 2020இல்தான் வந்தது. அப்படிப்பட்டவர் ஒரு பெரிய பாட்டில் கடைசி ஆளாக வந்து பாடுகிறார், அதைப் பற்றி எழுத ஆளில்லை. கென்ட்ரிக்கின் அந்த வேகத்துக்குப் பிறகு அவர் குரல் இறங்கி வருவது தோல்வி இல்லை, அது வேறு நடை. மழை கொட்டி ஓய்ந்த பிறகு ஓட்டிலிருந்து சொட்டும் தண்ணீரையும் கேட்கத்தானே செய்கிறோம்?

"ஹிப்ஹாப்பே போட்டிதானே, இதில் யார் ஜெயித்தார் என்று கேட்பதில் என்ன தப்பு" என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. போட்டி இல்லாமல் இந்த இசை வளர்ந்திருக்காது. கென்ட்ரிக்கின் அந்தப் பகுதி அசாத்தியமானது, அதில் எனக்கு இரண்டாம் கருத்தே இல்லை. ஆனால் எதிரெதிரே நின்று மோதும் பேட்டில் வேறு, ஒரே பீட்டில் பலர் கூடிப் பாடுவது வேறு. இரண்டாவது நம் எசப்பாட்டுக்குப் பக்கத்தில் வருவது. ஒருவர் விட்ட இடத்தில் இன்னொருவர் எடுக்கிறார். முன்னவர் எதை வைத்துவிட்டுப் போனார் என்பதைப் பொறுத்துத்தான் அடுத்தவர் எங்கே அடி வைப்பார் என்பது. 1988இல் தயாரிப்பாளர் மார்லி மார்ல் செய்த 'தி சிம்ஃபனி'யை எடுத்துக்கொள்ளுங்கள். ஓட்டிஸ் ரெடிங் பாட்டிலிருந்து எடுத்த பியானோ, நான்கு பேர்: மாஸ்டா ஏஸ், கிரெய்க் ஜி, கூல் ஜி ராப், பிக் டாடி கேன். கடைசியில் வரும் கேன்தான் உச்சம் என்பார்கள். இருக்கட்டும். அதுவரை ஆல்பமே வெளியிடாத மாஸ்டா ஏஸ் முதல் ஆளாக வந்து வாசலைத் திறந்துவைக்காவிட்டால் கேன் எங்கிருந்து உள்ளே நுழைவார்?

விமர்சனம் இப்படிக் கெட்டுப்போனதற்கு ஒரு பழைய கதையும் உண்டு. 2001இல் ஜே-இசட்டின் 'தி புளூபிரின்ட்' ஆல்பத்தில் 'ரெனகேட்' வந்தது. எமினெம் கூடப் பாடினார், பீட்டும் அவருடையது. அந்த வருடக் கடைசியில் இன்னொரு ராப்பரான நாஸ் தன் டிஸ் பாட்டில் (எதிராளியைத் தாக்கிப் பாடுவது), உன் பாட்டிலேயே எமினெம் உன்னைக் கொன்றுவிட்டார் என்று ஜே-இசட்டைக் குத்தினார். சண்டையில் எதிராளி சொன்ன சொல் அது. எதிராளி அப்படித்தான் சொல்வார். ஆனால் அதையே தீர்ப்பாக எடுத்துக்கொண்டு இன்றுவரை எழுதுகிறார்கள். 'ரெனகேட்' பாட்டில் ஜே-இசட் ஆரம்பத்திலேயே என்ன கேட்கிறார் தெரியுமா? நான் நகையைப் பற்றி மட்டும்தான் பாடுகிறேன் என்று சொல்பவர்களே, நீங்கள் பாட்டைக் கேட்கிறீர்களா, இல்லை மேலோட்டமாக மேய்ந்துவிட்டுப் போகிறீர்களா என்கிறார். இருபது வருடத்துக்கும் மேலாக அந்தக் கேள்வி பதிலில்லாமல் அங்கேயே நிற்கிறது.

'மான்ஸ்டர்' கதை எனக்கு இன்னும் நெருக்கமானது. 2010, கான்யே வெஸ்ட்டின் பாட்டு, மூன்று ஆண் ராப்பர்களோடு நிக்கி மினாஜும் பாடியது. நிக்கி மினாஜின் முதல் ஆல்பம் அப்போது இன்னும் வெளிவரவில்லை. பஞ்சு மாதிரி ஒரு சின்னப் பிள்ளைக் குரல், அடுத்த வரியில் உறுமல், மறுபடியும் கொஞ்சல், மறுபடியும் உறுமல். ஒரே தொண்டையில் இரண்டு பேர் அடித்துக்கொள்கிற மாதிரி இருக்கும். இது ஆல்பத்தின் சிறந்த பகுதியாகிவிடும், எடுத்துவிடலாமா என்று ஒரு கட்டத்தில் யோசித்ததாகக் கான்யேவே பின்னால் சொல்லியிருக்கிறார். எடுக்கவில்லை. நிக்கிக்குக் கிடைத்த பாராட்டு அத்தனையும் தகும். ஆனால் பாராட்டிய விதத்தைப் பாருங்கள். மூன்று ஆண்களைத் தூக்கிச் சாப்பிட்டார் என்பதுதான் எங்கு பார்த்தாலும் வாக்கியம். அந்தக் குரல் மாற்றம் எப்படிச் செய்யப்பட்டது, மூச்சை எங்கே பிடித்தார், எந்த எழுத்தில் தாவினார் என்று எழுதியவர்கள் விரல் விட்டு எண்ணும் அளவுதான். யாரை வென்றார் என்பதை வைத்தே ஒரு பெண்ணின் திறமையை அளந்தால், அது அவருக்குச் செய்த மரியாதையா?

அதே பாட்டில் நிக்கிக்கு முன்னால் வரும் ஜே-இசட்டின் பகுதி கேலிப்பொருளாகவே ஆகிவிட்டது. சாஸ்குவாட்ச், காட்ஸில்லா, கிங் காங் என்று பூதங்களை வரிசையாக அடுக்குகிறார், அவ்வளவுதான் என்றார்கள். அந்த அடுக்கலைத் தாண்டிக் கொஞ்சம் பொறுத்துக் கேளுங்கள். என் பலவீனம் எது என்று எல்லோருக்கும் தெரிய வேண்டுமாம், அது அன்பு, எனக்கு அது போதிய அளவு கிடைப்பதில்லை என்கிறார். பூதங்களைப் பற்றிய பாட்டில் பூதம் வாய்திறந்து தன் காயத்தைக் காட்டுகிற ஒரே இடம். அதற்கு அடுத்துத்தான் நிக்கி, காயமே இல்லாத ஒரு பூதமாக உள்ளே வருகிறார். இந்த வரிசையை யாரோ யோசித்து வைத்திருக்கிறார்கள். பாட்டைத் தொடங்கிவைக்கும் போன் இவேர் என்ற ஃபோக் குழுவின் ஜஸ்டின் வெர்னனைப் பற்றியோ, இப்படியொரு குரலும் ராப் பாட்டுக்குள் வருகிறதே என்ற வியப்போடு நிறுத்திக்கொண்டார்கள்.

2024இல் 'லைக் தட்' வந்தபோதும் இதேதான். பாட்டு ஃபியூச்சரும் மெட்ரோ பூமினும் சேர்ந்து செய்த ஆல்பத்தில் வருவது. கென்ட்ரிக் விருந்தாளி. பில்போர்டு தரவரிசையில் நேராக முதலிடத்தில் போய் உட்கார்ந்தது. பெரிய மூவர் (டிரேக், ஜே. கோல், கென்ட்ரிக்) என்று ஒன்றும் கிடையாது, நான் ஒருவன்தான் என்று கென்ட்ரிக் சொன்னதைப் பிரித்து மேய்ந்தவர்களில் எத்தனை பேர் ஃபியூச்சரின் பெயரை இரண்டாம் முறை எழுதினார்கள்?

விமர்சகர்கள் எல்லோரும் சோம்பேறிகள் என்று நான் சொல்லவில்லை. பாட்டு வந்த ஒரு மணி நேரத்தில் எழுத வேண்டிய நெருக்கடி எனக்குப் புரிகிறது. நெருக்கடியில் எழுதும்போது கைக்குக் கிடைக்கும் முதல் அளவுகோல் வெற்றி தோல்விதான். ஆனால் ஒரு வாரம் கழித்து, ஒரு வருடம் கழித்து யாராவது திரும்பிப்போய்க் கேட்க வேண்டுமே. நியூயார்க் ராஜா என்று சொன்னதன் பொருள் ஊரைப் பிடிப்பது இல்லை, மறைந்த ராப்பர்கள் பிக்கியும் டூபாக்கும் பதித்த மாதிரி ஒரு தடத்தைப் பதிப்பது என்று கென்ட்ரிக்கே அந்த மாதமே ஒரு வானொலிப் பேட்டியில் விளக்கினார். அதற்குள் தீர்ப்பு அச்சாகி ஊர் முழுக்கப் போய்விட்டது.

ஞாயிற்றுக்கிழமை பையன் வீட்டுக்கு வந்திருந்தான். ஸ்பீக்கரில் முழுப் பாட்டையும் போட்டேன். பிக் ஷான் பாடும்போது போனை நோண்டிக்கொண்டிருந்தான், நான் ஒன்றும் சொல்லவில்லை. கென்ட்ரிக் வந்ததும் நிமிர்ந்தான், வரிகளைக் கூடவே முணுமுணுத்தான். பெயர்கள் வரிசையாக வந்தன. மேக் மில்லர் பெயர் வந்த இடத்தில் அவன் உதடு நின்றுவிட்டது.

"இவரு இப்ப இல்லல்ல மாமா?"

"இல்லடா. 2018ல போயிட்டார். இருபத்தாறு வயசு."

பாட்டு ஓடிக்கொண்டே இருந்தது. அவனுக்குத் தெரிந்த கிளிப் முடிகிற இடம் வந்தது. நிறுத்தட்டுமா என்று கை நீட்டினேன்.

"வேணாம், இருங்க மாமா. இன்னொருத்தர் பாடணும்ல."